கார்சன் சிட்டியில் ஒரு மரக்கொட்டகை

ஒலிம்பிக் நெருங்கும்போதெல்லாம் தொலைக்காட்சியில் ஒரு பழைய படத்துண்டு தலைகாட்டும். பளிங்குப் படிக்கட்டுகள் கொண்ட அரங்கம், தொப்பி அணிந்த பெருங்கூட்டம், சாவி கொடுத்த பொம்மைகள்போல் விறுவிறுவென்று நகரும் வீரர்கள். திரையின் அடியில் 'ஏதென்ஸ், 1896' என்று எழுத்து வரும். படம் அசல்தான், ஆண்டு தப்பு. 1896 ஏப்ரலில் நடந்த முதல் நவீன ஒலிம்பிக்கின் சலனப்படம் என்று உறுதியாகச் சொல்லத்தக்க ஓர் அடி படச்சுருள்கூட இன்று கைவசம் இல்லை. அந்தப் பெயரில் சுற்றிவருவது பெரும்பாலும் பத்து ஆண்டுகள் கழித்து அதே அரங்கில் நடந்த 1906ஆம் ஆண்டு விளையாட்டுகளின் படம். மாரத்தான் வென்று கிரேக்கர்களின் கண்ணாக மாறிய ஸ்பிரிடான் லூயிஸ் அரங்குக்குள் ஓடிவந்த காட்சியைப் புகைப்படங்களைக் கொண்டும் பத்திரிகைச் செய்திகளைக் கொண்டும்தான் கற்பனை செய்துகொள்ள வேண்டியிருக்கிறது.

கருவி இல்லாமல் இல்லை. லூமியேர் சகோதரர்கள் பாரிசில் காசு வாங்கிக்கொண்டு படம் காட்டியது 1895 டிசம்பர் 28. ஏதென்ஸ் விளையாட்டுக்கு மூன்று மாதத்துக்கு மேல் அவகாசம் இருந்தது. ஆனாலும் யாருக்கும் அங்கே போகத் தோன்றவில்லை. அப்படியானால் நாடு கடந்த போட்டி ஒன்றை முதன்முதலாக முழுசாகப் படம்பிடித்தவர் யார்? அவருக்கு ஏன் அது தோன்றியது? இந்தக் கேள்வியைப் பிடித்துக்கொண்டு போனால் விளையாட்டு ஆர்வலர்களைவிடச் சூதாடிகள், குத்துச்சண்டைத் தரகர்கள், திருட்டுக் காமிராக்காரர்கள், ஒரு பனிச்சறுக்குப் பைத்தியம் ஆகியோரைத்தான் அதிகம் சந்திக்க நேர்கிறது.

முதலிடத்துக்கு உரிமை கோரக்கூடியவர்கள் பலர். இங்கிலாந்தில் பர்ட் ஏக்ரஸ் 1895 மார்ச்சில் ஆக்ஸ்போர்டு–கேம்பிரிட்ஜ் படகுப் போட்டியையும், மே மாதம் எப்சம் டெர்பி குதிரைப் பந்தயத்தையும் பிடித்தார். லூமியேர் காட்சிக்கு மாதக்கணக்கில் முந்தியவை இவை. அடுத்த ஆண்டு டெர்பியை ஏக்ரஸின் பழைய கூட்டாளி ராபர்ட் பால் பிடித்தார். வேல்ஸ் இளவரசரின் குதிரை பெர்சிமன் வென்ற பந்தயம் அது. இரவோடு இரவாகச் சுருளைக் கழுவி, மறுநாளே லண்டன் அரங்குகளில் ஓட்டிவிட்டார். கூட்டம் திரும்பத் திரும்பப் போடச் சொல்லி ஆர்ப்பரித்தது. நேற்று நடந்த போட்டியை இன்று பார்க்கலாம் என்ற ருசியை ஊருக்குக் காட்டியவர் அவர்தான். ஆனால் இவை உள்ளூர்ப் பந்தயங்கள். படமும் ஒரு நிமிடத்தைத் தாண்டாது. குதிரைகள் வந்தன, போயின, கூட்டம் தடத்துக்குள் இறங்கியது, அவ்வளவே.

இந்த இடத்தில் நம் பக்கத்துக் கிளைக்கதை ஒன்றும் வந்து சேர்கிறது. 1896 ஜூலை 7 அன்று பம்பாய் வாட்சன் ஹோட்டலில் இந்தியாவின் முதல் லூமியேர் காட்சியை நடத்திய மாரியஸ் செஸ்டியே, அங்கிருந்து கப்பலேறிப் போனது ஆஸ்திரேலியாவுக்கு. அந்த நவம்பரில் சிட்னி புகைப்படக்காரர் வால்டர் பார்னெட்டோடு சேர்ந்து மெல்போர்ன் கோப்பைக் குதிரைப் பந்தயத்தைப் பிடித்தார். பந்தயத்தைவிடப் பந்தயம் பார்க்க வந்தவர்களே படத்தில் அதிகம். ரயிலிலிருந்து இறங்கும் சீமாட்டிகள், குடைகள், மீசைகள். அடுத்த ஆண்டு சிட்னியில் இன்னொரு காமிரா ரஞ்சித்சிங்ஜியைப் பிடித்தது. இங்கிலாந்து அணியோடு ஆஸ்திரேலியா வந்திருந்த அவர் வலைக்குள் மட்டையடிக்கும் அந்தச் சில நொடிகள்தான் எஞ்சியிருக்கும் மிகப் பழைய கிரிக்கெட் படம். கவனிக்க வேண்டியது: பிடித்தது பயிற்சியை, ஆட்டத்தை அல்ல. ஐந்து நாள் ஆட்டத்தில் எந்த நிமிடம் முக்கியமான நிமிடம் என்று ஒரு நிமிடச் சுருளோடு நிற்பவருக்கு எப்படித் தெரியும்?

பம்பாயில் அந்த லூமியேர் காட்சியைப் பார்த்து மயங்கிய ஹரிச்சந்திர சகாராம் பட்வடேகர் தனக்கென்று ஒரு காமிராவைத் தருவித்து 1899இல் முதலில் எடுத்ததும் விளையாட்டுப் படமே. தொங்கும் தோட்டத்தில் நடந்த ஒரு மல்யுத்தம். மல்யுத்தத்தைத் தேர்ந்ததில் ஒரு கெட்டிக்காரத்தனம் இருக்கிறது. இரண்டே பேர், சிறிய களம், காமிராவை அசைக்க வேண்டியதில்லை. உலகம் முழுக்க அந்தக் கால ஒளிப்பதிவாளர்கள் கண்டுகொண்ட சூட்சுமம் அது. அமெரிக்காவில் அந்தச் சூட்சுமத்தைப் பெரும் வியாபாரமாக்கக் கனவு கண்டவர் இனோக் ரெக்டர்.

ரெக்டர் பொறியாளர். 1894இல் லேத்தம் சகோதரர்கள் தொடங்கிய கினெட்டோஸ்கோப் கம்பெனியில் ஒரு பங்காளி. கினெட்டோஸ்கோப் என்பது எடிசன் பட்டறையில் பிறந்த பெட்டி. காசு போட்டுக் குனிந்து, ஒரு கண்ணாடித் துளை வழியாக ஒருவர் மட்டும் பார்க்கலாம். எடிசனின் 'பிளாக் மரியா' என்ற தார்க்காகிதம் ஒட்டிய படப்பிடிப்புக் கொட்டகைக்குள் குத்துச்சண்டைக்காரர்களைக் கூட்டிவந்து சண்டை போடவைத்து எடுப்பார்கள். அந்த ஆண்டு செப்டம்பரில் உலக ஹெவிவெயிட் சாம்பியன் ஜிம் கார்பெட்டே வந்து பீட்டர் கோர்ட்னியோடு ஆறு சுற்று ஆடினார். சுற்று ஒன்றுக்கு ஒரு நிமிடத்துக்குச் சற்று மேல். ஏனென்றால் சுருள் அவ்வளவுதான். ஒரு சுற்றுக்கு ஒரு பெட்டி, பெட்டிக்குத் தனிக் காசு. நாக் அவுட் பார்க்க ஆசைப்பட்டவர் கடைசிப் பெட்டிக்கு மட்டும் காசு போட்டுவிட்டுப் போய்விடலாம்.

இதில் விளையாட்டு எங்கே இருக்கிறது? சுருளின் நீளத்துக்கு ஏற்பச் சுற்றைக் குறுக்கி, காமிராவின் கண்ணுக்கு ஏற்பக் களத்தைச் சுருக்கி, எத்தனையாவது சுற்றில் யார் விழுவது என்பதையும் முன்கூட்டிப் பேசி வைத்த கூத்து இது. ரெக்டருக்கு வேண்டியிருந்தது வேறு. நிஜமான பட்டப் போட்டி; நிஜமான நேரம்; முதல் மணியிலிருந்து கடைசி அடி வரை விடாமல் ஓடும் படம்.

அதற்கு முதல் தடை சுருள் அறுந்துபோவது. காமிராவுக்குள் படச்சுருள் சீராக ஓடுவதில்லை. ஒவ்வொரு சட்டத்துக்கும் நின்று நின்று இழுபடும். நீளமான சுருளின் கனம் அந்த வெட்டியிழுப்பில் சேரும்போது துளைகள் கிழிந்துவிடும். லென்சுக்கு மேலும் கீழும் சுருளைக் கொஞ்சம் தொளதொளவென்று விட்டுவைத்தால் இழுப்பு அந்தத் தொய்வோடு நின்றுவிடும். இதற்கு லேத்தம் வளையம் என்று பெயர் நிலைத்தது. உண்மையில் யார் மூளையில் உதித்தது என்று பிற்பாடு நடந்த சண்டை குத்துச்சண்டைக்குக் குறைந்ததல்ல. ஃபிலிம் ஓடும் கருவிகளில் எல்லாம் பிற்பாடு இந்த வளையம் இடம்பிடித்தது.

இரண்டாவது தடை சட்டம். பரிசுப் பணத்துக்காகச் சண்டை போடுவது அமெரிக்காவின் பெரும்பாலான மாநிலங்களில் குற்றம். டான் ஸ்டூவர்ட் என்ற போட்டி அமைப்பாளர் டெக்சாசில் ஏற்பாடு செய்தபோது, அதைத் தடுப்பதற்கென்றே சட்டமன்றம் கூடியது. சளைக்காமல் அவர் 1896 பிப்ரவரி 21 அன்று பாப் ஃபிட்ஸ்சிம்மன்சையும் பீட்டர் மாஹரையும் லாங்ட்ரி என்ற எல்லையோரக் குக்கிராமத்துக்கு ரயிலில் கொண்டுபோய், ரியோ கிராண்டே ஆற்றைத் தாண்டி மெக்சிகோ பக்கத்து மணல்திட்டில் மோதவிட்டார். ரெக்டர் கருவிகளோடு காத்திருந்தார். வானம் மூடிக்கிடந்தது, அந்த வெளிச்சத்தில் படம் பதியாது. அது போதாதென்று ஃபிட்ஸ்சிம்மன்ஸ் 95 நொடிகளில் மாஹரைப் படுக்கவைத்துவிட்டார். வெயில் அடித்திருந்தாலும் ரெக்டருக்குக் கிடைத்திருக்கக்கூடியது ஒன்றரை நிமிடப் படம்தான்.

ஓர் ஆண்டு கழித்து நெவாடா மாநிலம் குத்துச்சண்டையைச் சட்டபூர்வமாக்கியது. 1897 மார்ச் 17, கார்சன் சிட்டி. திறந்தவெளி அரங்கம், நண்பகல் நேரம். வெயிலுக்காகவே அந்த நேரம். களத்தின் ஒரு பக்கத்தில் மரப்பலகையால் அடித்த கொட்டகை. அதற்குள் பக்கத்துப் பக்கத்தில் மூன்று காமிராக்கள். ஒன்றில் சுருள் தீரும் முன் அடுத்தது ஓடத் தொடங்கும். ரெக்டர் தன் கருவிக்கு 'வெரிஸ்கோப்' என்று பெயர் வைத்தார். உண்மையைக் காட்டுவது என்று பொருள்படும் பெயர். வழக்கமான 35 மில்லிமீட்டர் அல்ல, 63 மில்லிமீட்டர் அகலச் சுருள். உயரத்தைவிட அகலம் கூடிய சட்டம். குத்துச்சண்டைக் களம் முழுதும், நான்கு கயிறும், மூலையில் நிற்கும் உதவியாட்களும் அதில் அடங்கிவிடுவார்கள். அகலத்திரை என்று சினிமாக்காரர்கள் ஐம்பத்தைந்து ஆண்டு கழித்துத் தம்பட்டம் அடித்ததன் ஒரு முன்னோடி, ஒரு சதுரக் களத்தைச் சட்டத்துக்குள் அடைக்கப் பட்ட பாட்டிலிருந்து வந்தது.

கார்பெட் அமெரிக்கர், நடப்புச் சாம்பியன். ஃபிட்ஸ்சிம்மன்ஸ் இங்கிலாந்தின் கார்ன்வாலில் பிறந்து, நியூசிலாந்தில் கொல்லன் பட்டறையில் வளர்ந்து, ஆஸ்திரேலியாவில் சண்டை பழகியவர். உலகப் பட்டத்துக்கான போட்டி, இரண்டு கண்டங்களின் வளர்ப்புகள். நாடு கடந்த போட்டி என்ற சொல்லுக்கு அந்தக் காலத்தில் இதைவிடப் பொருத்தமாக வேறொன்றும் இருந்ததில்லை. பதினான்காம் சுற்றில் ஃபிட்ஸ்சிம்மன்ஸ் நெஞ்சுக்குழிக்குக் கீழே ஒரு குத்து விட்டார். கார்பெட் மண்டியிட்டார், மூச்சு வரவில்லை, பத்து எண்ணி முடித்தார்கள். சுற்றுகளுக்கு இடையிலான ஓய்வு நேரமும் சேர்த்து ஏறக்குறைய 11,000 அடி சுருள் ஓடியிருந்தது.

அந்தப் படம் மே 22 அன்று நியூயார்க்கின் அகாடமி ஆஃப் மியூசிக் அரங்கில் வெளியானது. ஓடும் நேரம் நூறு நிமிடத்துக்கு மேல். அதுவரை உலகில் யாரும் இவ்வளவு நேரம் உட்கார்ந்து சலனப்படம் பார்த்ததில்லை. 'முழுநீளப் படம்' என்ற வகையைத் தொடங்கிவைத்தது கதைப் படம் அல்ல, ஒரு குத்துச்சண்டை என்பதைச் சினிமா வரலாற்று ஆசிரியர்கள் பலர் ஏற்கிறார்கள். சண்டையை நேரில் பார்ப்பது பல மாநிலங்களில் குற்றம். திரையில் பார்ப்பது குற்றமல்ல என்ற விநோத நிலையும் பிறந்தது. நேரில் போகத் துணியாத பெண்கள் திரையரங்குக்குக் கூட்டமாக வந்தார்கள். பத்திரிகைகளுக்கு அது ஒரு பேரதிர்ச்சி.

இன்னொன்றும் நடந்தது. ஆறாம் சுற்றில் கார்பெட்டின் குத்தில் ஃபிட்ஸ்சிம்மன்ஸ் விழுந்தபோது நடுவர் மெதுவாக எண்ணினார், அங்கேயே ஆட்டம் முடிந்திருக்க வேண்டும் என்று கார்பெட் தரப்பு குமுறியது. படம் வந்ததும் ஆளாளுக்குக் கடிகாரத்தைக் கையில் பிடித்துக்கொண்டு அந்த இடத்தைத் திரும்பத் திரும்பப் பார்த்தார்கள். இன்று மூன்றாம் நடுவர் திரையைப் பார்த்துத் தீர்ப்புச் சொல்லும்போது பார்வையாளர் படும் பதைபதைப்பு 1897லேயே தொடங்கிவிட்டது. தீர்ப்பு மட்டும் மாறவில்லை.

இந்த முன்னோடிப் பட்டத்தை ஏக்ரசுக்கோ பாலுக்கோ கொடுக்காமல் ரெக்டருக்கே கொடுக்க வேண்டும் என்பதற்குக் காரணம் இருக்கிறது. மற்றவர்கள் காமிராவைத் தூக்கிக்கொண்டு போட்டி நடக்கும் இடத்துக்குப் போனார்கள். ரெக்டர் நாள், நேரம், களத்தின் திசை, பங்குப் பணம் எல்லாவற்றையும் காமிராவோடு சேர்த்துப் பேசி முடித்த பிறகே போட்டி நடக்கவிட்டார். களத்தின் விளிம்பில் 'காப்புரிமை, வெரிஸ்கோப் கம்பெனி' என்று எழுதி வைத்திருந்தார். ஒவ்வொரு சட்டத்திலும் அந்த எழுத்து தெரியும். யாராவது படத்தைத் திருடினால் எழுத்தும் கூடவே போகும். இன்று மைதானத்தைச் சுற்றி ஒளிரும் விளம்பரப் பலகைகளைப் பார்க்கும்போது அந்தக் கையெழுத்துதான் நினைவுக்கு வருகிறது.

திருடர்கள் அதைவிடக் கெட்டிக்காரர்கள். பிலடெல்பியாவின் சிக்மண்ட் லூபின் படத்தைத் திருடவில்லை, சண்டையையே திருடினார். ரயில்வே சரக்குக் கூலிகள் இருவருக்குக் கையுறை மாட்டி, பத்திரிகையில் வந்த சுற்றுவாரி வர்ணனையை உரக்கப் படித்து, அதன்படி குத்தவைத்துப் படமெடுத்து, வெரிஸ்கோப் படம் வெளியாகும் முன்பே சந்தைக்குக் கொண்டுவந்துவிட்டார். விளம்பரத்தின் மூலையில் பொடி எழுத்தில் 'நகல்' என்று ஒரு சொல். காசு கொடுத்து ஏமாந்தவர்கள் கத்தித் தீர்த்தார்கள். பிறகு வந்த ஒவ்வொரு பெரிய சண்டைக்கும் அவர் அதையே செய்தார்.

1899 நவம்பரில் கோனி தீவில் ஜெஃப்ரிஸ்–ஷார்கி சண்டை. பயாஸ்கோப் கம்பெனிகளில் பெரியதான பயோகிராஃப் இம்முறை வெயிலை நம்பவில்லை. கூரைக்குள், நானூறு ஆர்க் விளக்குகளைச் சண்டைக்காரர்களின் தலைக்கு மேல் தாழத் தொங்கவிட்டு, இரவில் எடுத்தது. இருபத்தைந்து சுற்று. சூட்டில் இருவர் உச்சந்தலையும் வெந்தது. அதே விளக்கின் தயவில், கூட்டத்துக்குள் கள்ளத்தனமாக நுழைந்த வைட்டாகிராஃப் ஆட்களும் மறைத்துக் கொண்டுவந்த காமிராவால் எடுத்துக்கொண்டு தப்பினார்கள். விளக்குச் செலவு ஒருவருக்கு, படம் இருவருக்கு. அந்த ஆண்டே நியூயார்க்குக் கடலில் நடந்த அமெரிக்கக் கோப்பைப் பாய்மரப் படகுப் போட்டியை எடிசன் ஆட்கள் பிடித்தார்கள். அமெரிக்காவின் 'கொலம்பியா', அயர்லாந்திலிருந்து வந்த 'ஷாம்ராக்'. நாடுகளுக்கு இடையிலான போட்டிதான். ஆனால் ஆடும் படகிலிருந்து ஓடும் படகைப் பிடித்தால் என்ன தெரியும்? பாய் தெரிந்தது.

குத்துச்சண்டைப் படத்தின் கதை முடிந்த விதம் கசப்பானது. 1908 டிசம்பர் 26 அன்று சிட்னியில் ஜாக் ஜான்சன் டாமி பர்ன்சை வீழ்த்தி ஹெவிவெயிட் பட்டத்தை வென்ற முதல் கறுப்பின வீரரானார், அதுவும் படமானது. 1910 ஜூலை 4 அன்று ரெனோ நகரில் அவர் ஜெஃப்ரிசை அடித்து வீழ்த்திய படமோ ஆட்சியாளர்களை நடுங்கவைத்தது. வெள்ளைக்காரர் தோற்பதைத் திரையில் பார்க்க அமெரிக்க நகரங்கள் பலவும் தென்னாப்பிரிக்காவும் தடை போட்டன. 1912இல் குத்துச்சண்டைப் படங்களை மாநிலம் விட்டு மாநிலம் கொண்டுசெல்வதையே அமெரிக்க நாடாளுமன்றம் குற்றமாக்கியது. அந்தச் சட்டம் 1940 வரை உயிரோடு இருந்தது. பதின்மூன்று ஆண்டுகளாக வளர்ந்த ஒரு தொழிலை ஒரே ஒரு வீரரின் வெற்றி முடக்கிப்போட்டது என்றால், அந்தப் படங்களுக்கு எவ்வளவு வலிமை இருந்திருக்க வேண்டும்!

ஒலிம்பிக் இதற்குள் மெல்ல நகர்ந்துகொண்டிருந்தது. 1900 பாரிஸ் விளையாட்டின்போது உடலியல் அறிஞர் எதியென் ழூல் மரே, அமெரிக்க வீரர்களை வரவழைத்து அடுத்தடுத்த படங்களாகப் பிடித்தார். நான்கு தங்கம் வென்ற ஆல்வின் கிரென்ஸ்லைன் தடை தாண்டுவதும், ரிச்சர்ட் ஷெல்டன் குண்டு எறிவதும் அதில் உண்டு. போட்டியைக் காட்டுவது மரேயின் நோக்கம் அல்ல; ஐரோப்பியர் தோற்கும் இடத்தில் அமெரிக்கர் எலும்பையும் தசையையும் எப்படிப் பயன்படுத்துகிறார்கள் என்று தெரிந்துகொள்ளும் ஆசை. அவருடைய ஆய்வு நிலையம் இருந்த நிலப்பகுதியின் மேல்தான் இன்றைய ரோலான் காரோஸ் டென்னிஸ் வளாகம் விரிந்து நிற்கிறது.

1908 லண்டன் விளையாட்டை பாத்தே நிறுவனம் எடுத்தது. மாரத்தானின் கடைசியில் தள்ளாடி, திசை தப்பி, விழுந்து எழுந்து, அதிகாரிகள் தாங்கிப் பிடிக்க எல்லைக்கோட்டைத் தொட்ட இத்தாலியர் டொராண்டோ பியட்ரியின் காட்சி அதில் மிஞ்சியிருக்கிறது. உதவி பெற்றதற்காக அவரைத் தகுதி நீக்கம் செய்து, அமெரிக்கர் ஜானி ஹேய்ஸுக்குத் தங்கம் கொடுத்தார்கள். இன்று ஹேய்ஸை நினைப்பார் குறைவு. படத்தில் தெரிந்தவர் பியட்ரி. ஒலிம்பிக் பதக்கப் பட்டியலைக் காமிரா மீறிய முதல் சந்தர்ப்பம் இதுவாகத்தான் இருக்க வேண்டும்.

1912 ஸ்டாக்ஹோமில் படம்பிடிக்கும் உரிமை முறையாக விற்கப்பட்டது. 1924இல் பாரிஸ் ரேபிட் ஃபிலிம் கம்பெனிக்கு உரிமை கிடைத்து, ழான் த ரோவெரா இயக்கத்தில் ஷாமோனி குளிர்கால விளையாட்டும் பாரிஸ் கோடைகால விளையாட்டும் இரண்டு நீண்ட படங்களாயின. நூர்மி, வைஸ்முல்லர், லிடல், ஆப்ரஹாம்ஸ் எல்லாரும் அதில் இருக்கிறார்கள். பொறுமையான, ஒழுங்கான படங்கள். போட்டி அட்டவணையைத் திரையில் ஓட்டிப் பார்ப்பதுபோல் இருக்கும்.

ரெக்டருக்கு அடுத்தபடியாகப் புதிதாக ஏதோ செய்தவர் என்றால் அது ஜெர்மனியின் ஆர்னால்ட் ஃபாங்க். படிப்பு நிலவியல், பைத்தியம் பனிச்சறுக்கு. 1913லேயே காமிராவோடு மோண்டே ரோசா மலையில் பனிச்சறுக்குக் கட்டையில் ஏறியவர். முதல் உலகப் போருக்குப் பிறகு ஃபிரைபுர்க் நகரில் நண்பர்களோடு கம்பெனி தொடங்கி, 1920இல் பனிச்சறுக்கின் அதிசயம் பற்றி ஒரு படம் எடுத்தார். படப்பிடிப்பாளர்களைத் தேடிப்பிடித்துப் பனிச்சறுக்கு கற்றுக்கொடுப்பதைவிட, பனிச்சறுக்கு வீரர்களுக்குக் காமிரா கற்றுக்கொடுப்பது சுலபம் என்பது அவர் கண்ட வழி. ஹான்ஸ் ஷ்னேபெர்கர் போன்றவர்கள் அப்படி வளர்ந்தவர்கள். சறுக்குபவரோடு தானும் சறுக்கிக்கொண்டே படம்பிடித்தார்கள். ரெக்டரின் காமிரா கொட்டகைக்குள் ஆணியடித்தாற்போல் நின்றது. ஃபாங்க்கின் காமிரா ஆட்டத்துக்குள் இறங்கியது.

அவருக்குக் கிடைத்த இன்னொரு வரம் ஸ்லோமோஷன். அதன் கதை தனி. ஆஸ்திரியாவின் கிராஸ் நகரில் இயற்பியல் கற்பித்துவந்த ஆகஸ்ட் முஸ்கர் என்ற பாதிரியார் 1904இல் அதற்கான காப்புரிமையை எடுத்தார்; கட்டணம் கட்டப் பணமில்லாமல் உரிமை காலாவதியானது. டிரெஸ்டன் எர்னெமான் தொழிற்சாலையின் ஹான்ஸ் லேமான் அந்த வழியிலேயே போய் நொடிக்கு நூற்றுக்கணக்கான சட்டங்கள் எடுக்கும் காமிராவைச் செய்து முடித்தார். ஜெர்மன் மொழியில் அதற்கு வைத்த பெயருக்குக் 'காலத்தைப் பெரிதாக்கும் கண்ணாடி' என்று பொருள் சொல்லலாம். பூச்சியைப் பெரிதாக்கிப் பார்ப்பதுபோல ஒரு நொடியைப் பெரிதாக்கிப் பார்ப்பது. பனிமேட்டிலிருந்து பாய்பவர் காற்றில் எப்படிச் சாய்கிறார், எங்கே கையை வீசுகிறார் என்று ஃபாங்க் அதை வைத்துக் காட்டியபோது, பனிச்சறுக்குப் பள்ளிகளுக்கு அது பாடமாயிற்று. திரையரங்குக்காரருக்கு அது கவிதையாயிற்று. 1928இல் செயின்ட் மோரிட்ஸ் குளிர்கால ஒலிம்பிக்கின் படம் 'வெள்ளை அரங்கம்' அவர் கையில் வந்தது. வெதுவெதுப்பான காற்று வீசிப் பனி உருகி, பத்தாயிரம் மீட்டர் வேகச்சறுக்குப் போட்டியைப் பாதியில் கைவிட நேர்ந்த ஆண்டு அது.

அதே ஆண்டு கோடையில் ஆம்ஸ்டர்டாம். ஜெய்பால் சிங் தலைமையில் போன இந்திய ஹாக்கி அணி ஒரு கோல்கூட வாங்காமல் 29 கோல் அடித்துத் தங்கம் வென்ற விளையாட்டு. அந்த ஒலிம்பிக்கின் பட உரிமை போனது இத்தாலியின் லூச்சே நிறுவனத்துக்கு. இயக்கியவர் ஜெர்மானியர் வில்ஹெல்ம் பிராகர். சொந்த ஊர் விளையாட்டை அந்நியர் எடுத்ததில் டச்சுத் திரையரங்குக்காரர்கள் கொதித்துப்போனார்கள்.

ஃபாங்க்கின் மலைப்படங்களில் நடித்துக்கொண்டே வெட்டலும் ஒட்டலும் கற்றுக்கொண்ட நடிகை ஒருவர் இருந்தார்: லெனி ரீஃபென்ஷ்டால். 1936 பெர்லின் விளையாட்டை அவர் 'ஒலிம்பியா' ஆக்கியபோது உடனிருந்தவர்களில் பலர் ஃபாங்க்கின் பனிச்சறுக்குப் பிள்ளைகள். செலவு முழுக்க நாஜி அரசின் பிரசார அமைச்சகத்துடையது. அதை மறைக்க ஒரு பொய்க் கம்பெனி. நாலு லட்சம் மீட்டர் படச்சுருள். ஓடுபவர்களைத் தாழ்ந்த கோணத்தில் பிடிக்க மைதானத்தில் குழிகள். நீருக்கு மேலே குதிப்பவரை நீருக்கு அடியிலும் தொடர ஹான்ஸ் எர்ட்லின் காமிரா. குட்டிக் காமிராவைக் கட்டிப் பறக்கவிட்ட பலூன்கள், அவை எங்காவது விழுந்தால் கொண்டுவந்து தரும்படி செய்தித்தாளில் விளம்பரம். கோலூன்றித் தாண்டும் போட்டி இருட்டும்வரை நீண்டு, படம் தேறாமல் போக, மறுநாள் வீரர்களைத் திரும்பக் கூப்பிட்டுத் தாண்டவைத்து எடுத்தார்கள். லூபினின் சரக்குக் கூலிகள் நினைவுக்கு வருகிறார்கள். வேறுபாடு, இங்கே நடித்தவர்கள் அசல் வீரர்கள்.

படத்தின் அழகை இன்றும் பாராட்டாதவர் இல்லை. 1938 ஏப்ரல் 20, ஹிட்லரின் பிறந்தநாளில் அது வெளியானதையும் சேர்த்தே பாராட்டுவதுதான் நேர்மை. தியான்சந்தின் இந்திய ஹாக்கி அணி ஜெர்மனியை 8–1 என்று நொறுக்கிய இறுதி ஆட்டத்துக்கு அந்த நீண்ட படத்தில் கிடைத்த இடம் சொற்பம். மாரத்தான் வென்ற கொரியர் சோன் கீ சுங்குக்கு நிறைய இடம் கிடைத்தது, ஆனால் ஜப்பானியக் கொடியோடும் ஜப்பானியப் பெயரோடும். சியோலின் தோங்கா இல்போ நாளிதழ் அவர் புகைப்படத்தை வெளியிட்டபோது மார்பிலிருந்த சூரியச் சின்னத்தை அழித்துவிட்டு அச்சிட்டது. ஜப்பானிய அரசு பத்திரிகையை முடக்கியது. யார் படத்தில் யார் எந்தச் சட்டையோடு தெரிவது என்பது அந்த ஆண்டே அரசியல் வழக்காகிவிட்டது.

காமிரா நடுவராக மாறியது இன்னொரு இழை. 1912 ஸ்டாக்ஹோமில் 1500 மீட்டர் ஓட்டத்தில் இரண்டாம் இடம் கிவியட்டுக்கா டேபருக்கா என்பதை எல்லைக்கோட்டுப் புகைப்படமே சொன்னது. 1932 லாஸ் ஏஞ்சல்சில் 110 மீட்டர் தடை ஓட்டத்தின் வெண்கலத்தை அமெரிக்கர் ஜாக் கெல்லருக்குக் கொடுத்துவிட்டார்கள். படத்தைப் பார்த்தபோது மூன்றாவதாக வந்தவர் பிரிட்டனின் டொனால்ட் ஃபின்லே என்று தெரிந்தது. கெல்லர் தன் கையாலேயே பதக்கத்தைக் கொண்டுபோய் ஃபின்லேயிடம் கொடுத்தார். கார்சன் சிட்டிப் படத்தைக் கடிகாரமும் கையுமாகப் பார்த்தவர்கள் கேட்டது இதைத்தான். கிடைக்க முப்பத்தைந்து ஆண்டு ஆனது.

இவ்வளவு பாடுபட்டு எடுத்தவை எவ்வளவு மிஞ்சின? நைட்ரேட் சுருள் தீப்பிடிக்கும், இல்லையென்றால் பெட்டிக்குள்ளேயே தேன்பாகுபோல் கரையும். ரெக்டரின் நூறு நிமிடத்தில் இன்று கிடைப்பது ஒரு சிறு பங்கு. பட்வடேகரின் மல்யுத்தம் போயே போய்விட்டது. எதிர்பாராத புதையல்களும் உண்டு. 1906இல் ரெக்சமில் வேல்ஸும் அயர்லாந்தும் ஆடிய கால்பந்து ஆட்டத்தைப் பிடித்தது பிளாக்பர்ன் நகரத்து மிச்செல் அண்ட் கென்யன் கம்பெனி; அவர்களின் எண்ணூறுக்கும் மேற்பட்ட நெகட்டிவ் சுருள்கள் 1994இல் ஒரு பழைய கடையின் நிலவறையில் உலோகப் பீப்பாய்களுக்குள் கிடைத்தன.

ஸ்டாக்ஹோம் 1912 படத்துக்கும் அந்த யோகம் வாய்த்தது. துண்டு துண்டாகச் சிதறிக்கிடந்த சுருள்களைச் சேர்த்து, சர்வதேச ஒலிம்பிக் கமிட்டிக்காக ஏட்ரியன் வுட் நூறு ஆண்டுகளுக்குப் பிறகு கிட்டத்தட்ட மூன்று மணி நேரப் படமாக அதைத் திரும்பக் கோத்தார். பழைய காமிராக்களைக் கையால் சுற்றுவார்கள். நொடிக்குப் பதினாறு சட்டம் அளவில் எடுத்ததை இருபத்துநான்காக ஓட்டியதால்தான் அந்தக் கால வீரர்கள் தலைமுறை தலைமுறையாகக் கோமாளிகளாகத் தெரிந்தார்கள். வேகத்தைச் சரிசெய்து ஓட்டியபோது, 5000 மீட்டர் ஓட்டத்தின் கடைசிச் சுற்றில் பின்லாந்தின் ஹானஸ் கோலமைனனும் பிரான்சின் ழான் புவானும் தோளோடு தோளாக மனிதர்களைப் போலவே ஓடிவருகிறார்கள். முதலாமவர் 14 நிமிடம் 36.6 நொடி, இரண்டாமவர் 36.7.